கடல் எந்த அலமாரியில் இருக்கிறது?

கேள்வி: கடலூர் முதுநகரில் வசிக்கிறேன். கதை, நாவல் நிறையப் படித்தாகிவிட்டது. கடல், பூச்சிகள், பழைய தொழில்கள், சட்டம் என்று பல துறைகளில் அதிகம் பேர் அறியாத புத்தகங்களைப் படிக்க ஆசை. ஆனால் எந்தக் கடைக்குப் போனாலும் நன்றாக விற்கும் அதே புத்தகங்கள்தான் முன்னால் நிற்கின்றன. மாதம் 500 ரூபாய்க்கு மேல் செலவழிக்க இயலாது. எங்கே, எப்படித் தேடுவது?

பதில்: துறைமுகத்துக்குப் பக்கத்தில் இருக்கிறீர்கள், கடலிலிருந்தே தொடங்குவோம். ‘கடலைப் பற்றி நல்ல புத்தகம் இருக்கிறதா’ என்று கேட்டால் எந்த நூலகராலும் உங்களுக்கு உதவ முடியாது. ‘ஐப்பசியில் நம் கரையோர நீரோட்டம் ஏன் தெற்கே திரும்புகிறது’, ‘கட்டுமரத்துக்கு என்ன மரம், ஏன்’ என்று கேளுங்கள். கேள்வி எவ்வளவு சிறியதோ அவ்வளவு அரிய புத்தகம் அகப்படும். பொதுவான கேள்விக்குப் பொதுவான புத்தகம்தான் வரும். அதைத்தான் கடைக்காரரும் முன்னால் அடுக்கி வைத்திருக்கிறார்.

கேள்வியோடு மாவட்ட மைய நூலகத்துக்குப் போங்கள். புத்தகத்தின் முதுகில் ஒட்டியிருக்கும் எண்ணைப் பெரும்பாலான வாசகர்கள் கவனிப்பதில்லை. என்னைக் கேட்டால், நூலகத்தில் பயில வேண்டிய முதல் பாடம் அதுதான். பல நூலகங்கள், ஒவ்வொரு பொருளுக்கும் ஓர் எண் கொடுக்கும் டூயி தசம வகைப்பாட்டைப் பின்பற்றுகின்றன. அதில் கடல் ஒரே இடத்தில் இருப்பதில்லை. நீரோட்டமும் அலையும் 551.46இல், மீன்கள் 597இல், மீன்பிடித் தொழில் 639.2இல்; கப்பல் கட்டுவது 623.8இல், கப்பல் போக்குவரத்து 387இல். நாடுகளுக்கிடையிலான கடல் எல்லைத் தகராறுகளைப் படிக்க வேண்டுமானால் 341இல் சர்வதேசச் சட்டத்தைப் பாருங்கள். சட்டம் பற்றிய உங்கள் ஆசையும் அங்கே நிறைவேறும். பூச்சிகளும் இப்படித்தான் சிதறிக் கிடக்கின்றன: பூச்சியியல் 595.7, பயிரை அழிக்கும் பூச்சி 632, தேனீயும் பட்டுப்புழுவும் 638. ‘பூச்சி’ என்று ஓர் அலமாரியை மட்டும் பார்த்துவிட்டுத் திரும்புகிறவருக்கு மற்ற இரண்டும் கண்ணில் படாமலே போய்விடும்.

எண்ணைக் கண்டுபிடித்த பிறகு, தேடிய புத்தகத்தை எடுத்துக்கொண்டு உடனே நகர்ந்துவிடாதீர்கள். இடமும் வலமும் இரண்டடி தூரம் பாருங்கள். 1892இல் சீர்காழியில் பிறந்த நூலகவியல் அறிஞர் எஸ்.ஆர். ரங்கநாதன், அலமாரியில் நூல்கள் எப்படி அமைய வேண்டும் என்பதை நிழலை வைத்து விளக்கினார். வாசகர் தேடிவந்த நூல் முழுநிழல். அதன் இரு பக்கமும் ஓரளவு தொடர்புள்ள நூல்கள், அரைநிழல்போல. அவற்றுக்கும் அப்பால் தொடர்பற்றவை. வழக்கமாக யாரும் கேட்காத நூல்கள் அந்த அரைநிழலில்தான் இருக்கின்றன. நான் எப்போதும் கீழ்த்தட்டையும் குனிந்து பார்ப்பேன். பலர் அதைத் தவிர்த்துவிடுவதால், கை படாத புத்தகங்கள் அங்கே மிகுதி.

தமிழில் அறிவியல் நூல்கள் இல்லை என்று யாராவது சொன்னால் எனக்கு வருத்தமாக இருக்கும். தமிழ் வளர்ச்சிக் கழகம் பெரியசாமித் தூரனைத் தலைமைப் பதிப்பாசிரியராகக் கொண்டு 1954 முதல் வெளியிட்ட பத்துத் தொகுதிக் கலைக்களஞ்சியம் இருக்கிறது. கல்லூரி மாணவர்களுக்காக அரசு வெளியிட்ட புவியியல், விலங்கியல், சட்டம், பொருளாதாரப் பாடநூல்களும் இருக்கின்றன. இவற்றில் பலவற்றைத் தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகத்தில் இலவசமாகப் படிக்கலாம். இலங்கைத் தமிழ் வெளியீடுகளுக்கு நூலகம் நிறுவனத்தின் இணையத் தொகுப்பைப் பாருங்கள்; நம் ஊர்க் கடைகளில் கிடைக்காத சிறு வெளியீடுகள் ஏராளம்.

மின்னூலகத்தில் தேடும்போது ஒன்றை நினைவில் வையுங்கள். நூல் எந்தக் காலத்தியதோ அந்தக் காலத்துச் சொல்லில்தான் அதன் தலைப்பும் இருக்கும். ‘வேதியியல்’ என்று தேடினால் வராதது ‘இரசாயனம்’ என்றால் வரும். இயற்பியலுக்குப் ‘பௌதிகம்’, வேளாண்மைக்கு ‘விவசாயம்’, ‘பயிர்த்தொழில்’, மருத்துவத்துக்கு ‘வைத்தியம்’, ‘வாகடம்’ என்று மாற்றி மாற்றித் தேடுங்கள். பழைய தொழில்களைப் பற்றிய உங்கள் ஆர்வத்துக்கு இது மிகவும் உதவும். தஞ்சை சரஸ்வதி மகால் நூலகம் தன் சுவடிகளிலிருந்து பதிப்பித்த வைத்திய நூல்களின் பட்டியலையும் ஒருமுறை பார்த்துவிடுங்கள்.

புதுச்சேரிக்குப் பஸ்ஸில் போய்வருவது உங்களுக்குச் சிரமமில்லை. 1827இல் தொடங்கிய, இன்று ரோமன் ரோலண்ட் பெயரில் இயங்கும் நூலகம் பொதுவாசகருக்கு உரியது. 1955இல் தொடங்கிய பிரெஞ்சு ஆய்வு நிறுவனம் வேறு வகை. அங்குள்ள சைவ ஓலைச்சுவடிகள் யுனெஸ்கோவின் உலக நினைவகப் பதிவேட்டில் 2005இல் இடம்பெற்றன. தாவரங்கள், காடுகள் பற்றியும் அந்த நிறுவனம் பல நூல்களை வெளியிட்டிருக்கிறது. அது ஆய்வு நூலகம் என்பதால், போகும் முன் அனுமதி விவரங்களைக் கேட்டுக்கொள்ளுங்கள். ‘சும்மா பார்க்க வந்தேன்’ என்று சொல்வதைவிடக் குறிப்பான கேள்வியோடு போனால் உதவி கூடுதலாகவே கிடைக்கும்.

புதுச்சேரி என்றதும், அங்கே பிரெஞ்சுக்காரர்களிடம் துபாஷியாக (மொழிபெயர்ப்பாளராக) இருந்த ஆனந்தரங்கப் பிள்ளையின் நாட்குறிப்பைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. 1736 முதல் 1761 வரை எழுதப்பட்ட அதை வரலாற்று நூல் என்று ஒதுக்கிவைக்க வேண்டாம். எந்தக் கப்பல் வந்தது, என்ன சரக்கு, ஊரில் என்ன பேச்சு என்று தேதிவாரியாகச் சொல்கிறது. உங்கள் கடல் பட்டியலில் முதல் வரிசையில் வைக்கத் தக்கது. உங்கள் ஊருக்கு வந்தால், பிரான்சிஸ் தொகுத்து 1906இல் வெளியான தென்னாற்காடு மாவட்ட கெசட்டியர், அதாவது மாவட்ட விவரத் தொகுப்பு, ஆங்கிலத்தில் இருக்கிறது. பொறுமையாகப் புரட்டினால் தொழில்களைப் பற்றிய அத்தியாயம் ஒன்றே போதும், அடுத்த பத்துக் கேள்விகள் கிடைத்துவிடும்.

இனிப் பணம். புதுச்சேரி காந்தி வீதி ஞாயிறு சந்தையில் பழைய புத்தகங்களும் விலைக்கு வரும். வாங்கும்போது அட்டையைப் பார்த்து மயங்காமல் முதலில் கடைசிப் பக்கம் இருக்கிறதா என்று பாருங்கள். பிறகு தாள்களை விரித்து உதறுங்கள். இராமபாணப் பூச்சி துளைத்திருந்தால் விட்டுவிடுங்கள், வீட்டிலுள்ள மற்றவற்றுக்கும் பரவும். பதிப்பாண்டு திருவள்ளுவர் ஆண்டில் இருந்தால் 31ஐக் கழித்துக்கொள்ளுங்கள். நூலின் இறுதியில் துணைநூற்பட்டியல் இருந்தால் தயங்காமல் வாங்கலாம். ஒரு நூலாசிரியர் பல ஆண்டுகள் தேடியதை உங்களுக்கு இலவசமாகக் கொடுத்திருக்கிறார். நெய்வேலிப் புத்தகக் கண்காட்சி நடக்கும்போது பெரிய அரங்குகளை விட்டுவிட்டு நேஷனல் புக் டிரஸ்ட், சாகித்திய அகாதெமி, பல்கலைக்கழகப் பதிப்புத்துறை போன்ற அரங்குகளைத் தேடிப் போங்கள். பழைய அச்சு இருப்பு பழைய விலையிலேயே கிடைக்கலாம். முதல் மூன்று மாதம் எதையும் வாங்காமல் நூலகத்திலும் மின்னூலகத்திலும் மட்டும் படித்தால், 1,500 ரூபாயோடு அங்கே போகலாம்.