லிங்க் போட்டும் ஆள் வரவில்லையே?

அன்புள்ள ஆசிரியருக்கு,

பின்னலாடை ஏற்றுமதி நிறுவனம் ஒன்றில் மெர்ச்சண்டைசராக (ஆர்டர்களைக் கவனிப்பவர்) இருக்கிறேன். பையிங் ஹவுஸ்காரர்களின் (வெளிநாட்டு பையர்களுக்காக இங்கே ஆர்டர் கொடுக்கும் நிறுவனத்தாரின்) தொடர்பு கிடைக்குமென்று என் லிங்க்ட்இன் லிங்க்கை ஃபேஸ்புக், வாட்ஸப் குழுக்களில் 'ப்ளீஸ் கனெக்ட்' என்று போட்டுவருகிறேன். ஒருவரும் வருவதில்லை. ஃபேஸ்புக் புரொஃபைல் லிங்க்கையும் சேர்த்துப் போடட்டுமா?

கே., திருப்பூர்

அன்புள்ள கே.,

முதலில் அந்த லிங்க்கை ஓர் அந்நியர் திறந்தால் என்ன தெரிகிறது என்று பாருங்கள். குரோமில் இன்காக்னிட்டோ விண்டோவை (உங்கள் லாகின் இல்லாத ஜன்னல்) திறந்து அதில் ஒட்டுங்கள். பெயர்கூடத் தெரியவில்லையென்றால் பப்ளிக் விசிபிலிட்டி (யாரும் பார்க்கலாம் என்ற அமைப்பு) அணைந்திருக்கலாம். (எல்லாம் சரியாக இருந்தும் லிங்க்ட்இன் சில நேரம் லாகின் கேட்கும். அது அவர்கள் பழக்கம்.) கணினியில் உங்கள் புரொஃபைலின் வலப்பக்கம் 'பப்ளிக் புரொஃபைல் அண்ட் யூஆர்எல்' இருக்கும், விசிபிலிட்டியை அங்கேதான் மாற்ற வேண்டும்.

லிங்க்கின் முகவரியை (யூஆர்எல்) திருத்துவதும் அதே இடத்தில்தான். பெயருக்குப் பின்னால் ஒட்டியிருக்கும் எண்களை நீக்கிவிடுங்கள். 3 முதல் 100 எழுத்து வரை வைக்கலாம், இடைவெளி கூடாது. 6 மாதத்தில் 5 முறைதான் மாற்ற முடியும் என்பதால் விசிட்டிங் கார்டு அடிப்பதற்கு முன்பே முடிவு செய்துவிடுங்கள். மொபைல் ஆப்பில் நகலெடுத்தால் கேள்விக்குறியில் தொடங்கி நீண்ட வால் ஒன்று வரும். அதை வெட்டினாலும் லிங்க் வேலை செய்யும்.

பலர் கவனிக்காத ஒன்று: செட்டிங்ஸில் விசிபிலிட்டி பகுதியில் 'மேக் ஃபாலோ பிரைமரி' ஆன் ஆகியிருந்தால், வருபவருக்கு 'கனெக்ட்' பொத்தான் முன்னால் தெரியாது, 'மோர்' என்பதற்குள் போய்த் தேட வேண்டும். யார் தேடுவார்கள்? ஆஃப் செய்துவிடுங்கள்.

அடுத்து, பெயருக்குக் கீழே உள்ள ஹெட்லைன். 220 எழுத்து இடமிருக்க, வெறும் 'மெர்ச்சண்டைசர்' என்று விட்டால் திருப்பூரில் உங்களை எப்படிப் பிரித்தறிவது? குழந்தைகள் ஆடையா, உள்ளாடையா, எந்த நாட்டு பையர்கள், சாம்பிள் முதல் ஷிப்மென்ட் வரை நீங்களே பார்க்கிறீர்களா என்று எழுதுங்கள்.

இனி லிங்க் போடும் இடம். ஒரே வாசகத்தைப் பத்துக் குழுக்களில் ஒட்டினால் ஃபேஸ்புக் அதை ஸ்பாம் என்று எடுத்துக்கொள்ளலாம். அட்மினுக்கும் பொறுமை போய்விடும். குழுவில் யாராவது 'சிங்கிள் ஜெர்சி டீ-ஷர்ட் துவைத்ததும் பக்கத் தையல் முறுக்கிக்கொள்கிறது' என்று கேட்டிருப்பார். நூலின் முறுக்கு, பின்னல் இயந்திரத்தில் நூல் ஊட்டும் ஃபீடர்களின் எண்ணிக்கை, கம்பாக்டிங் (துணியை முன்கூட்டியே சுருக்குவது) என்று நான்கு வரியில் காரணம் சொல்லி, அதன் கீழே லிங்க்கை வையுங்கள். தொழில் தெரிந்தவர் எழுதியது என்று பட்டால்தான் பையிங் ஹவுஸ்காரர் தட்டிப் பார்ப்பார்.

ஆள் வரவில்லையே என்று நீங்களே கண்டபடி இன்விடேஷன் அனுப்பவும் வேண்டாம். 'இவரைத் தெரியாது' என்று பலர் சொல்லிவிட்டால் கணக்குக்குக் கட்டுப்பாடு வரும். உங்களுக்கு வரும் அழைப்பில் குறிப்பு இல்லையென்று ஒதுக்காதீர்கள். இலவசக் கணக்குக்கு மாதத்தில் சில குறிப்புகளே அனுமதி.

கனெக்ட் ஆனவர்களுக்கு 'காண்டாக்ட் இன்ஃபோ' திறந்துவிடும். சொந்த மொபைல் எண் அங்கே இருந்தால் எடுத்துவிடுங்கள், போலி வேலை காட்டி ஏமாற்றுபவர்களுக்கும் அது கிடைக்கும். அலுவல் மின்னஞ்சல் போதும்.

ஃபேஸ்புக் லிங்க் வேண்டாம். புரொஃபைலை லாக் செய்திருந்தால் நண்பரல்லாதவருக்கு உங்கள் பதிவுகள் தெரியாது. லாக் இல்லையென்றால் பையர் முதலில் பார்ப்பது வீட்டு விசேஷப் படங்களாக இருக்கும். துணிப் படங்களை லிங்க்ட்இன்னிலேயே 'ஃபீச்சர்டு' பகுதியில் ஏற்றலாம். பையரின் டிசைன் என்றால் நிறுவனத்திடம் கேட்காமல் ஏற்றாதீர்கள்.