முதுமையில் நலமாக இருக்க நவீன மருத்துவம் முக்கியமா, அன்றாடப் பழக்கங்கள் முக்கியமா?

கேள்வியோடு உங்கள் அப்பாவைப் பற்றியும் எழுதியிருக்கிறீர்கள். வயது 76. பிரஷர் மாத்திரையை "அப்பப்போ" போடுகிறார். ஒரு கண்ணில் புரை. இரண்டு வருடமாக வெளியே நடப்பது குறைந்துவிட்டது. முதுமையைத் தள்ளிப்போடும் என்று இணையத்தில் விற்கிற என்எம்என் கேப்சூலை வாங்கித் தரலாமா என்று கேட்கிறீர்கள்.

வாங்காதீர்கள். நீங்கள் எழுதிய அந்த மூன்று விஷயங்களையும் முதலில் கவனியுங்கள்.

நான் பிசியோதெரபிஸ்ட். திருநெல்வேலிப் பக்கம், பெரும்பாலும் வீடுகளுக்கே போய்ப் பார்க்கிறேன். பக்கவாதம் வந்தவர்கள், விழுந்து இடுப்பெலும்பு முறிந்தவர்கள்தான் நான் அதிகம் பார்ப்பவர்கள். அதனால் என் பதில் கால் பக்கமாகவே சாயும். அதை மனதில் வைத்துக்கொண்டு படியுங்கள்.

முதுமை பற்றிய ஆராய்ச்சிகளை நான் குறைத்துப் பேச மாட்டேன். ராபமைசின் என்று ஒரு மருந்து இருக்கிறது. ஈஸ்டர் தீவு மண்ணில் இருந்த பாக்டீரியாவிலிருந்து எடுத்தது. சிறுநீரக மாற்று செய்தவர்களின் உடம்பு புதுச் சிறுநீரகத்தை ஒதுக்கிவிடாமல் இருக்கக் கொடுப்பார்கள். அதை 600 நாள் வயதான சுண்டெலிகளுக்குக் கொடுத்தபோது அவற்றின் ஆயுள் நீண்டது என்று 2009-ல் காட்டினார்கள். 600 நாள் என்பது மனிதக் கணக்கில் ஏறக்குறைய 60 வயது. அந்த வயதுக்குப் பிறகு ஆரம்பித்தும் பலன் தெரிந்தது என்பது சாதாரண விஷயமில்லை. முதிர்ந்த செல்லை இளம் நிலைக்குத் திருப்ப முடியும் என்று 2006-ல் ஜப்பானின் யமனாகா காட்டினார். 2012-ல் அவருக்கு நோபல் பரிசு கிடைத்தது. இந்த வழியில் என்றைக்காவது நல்ல மருந்து வரும் என்றே நம்புகிறேன்.

ஆனால் சுண்டெலிக்கும் உங்கள் அப்பாவுக்கும் நடுவே நீண்ட தூரம் இருக்கிறது. ரெட் ஒயினில் இருக்கிறது, ஆயுளைக் கூட்டும் என்று பேசப்பட்ட ரெஸ்வெரட்ரால் ஞாபகம் இருக்கிறதா? அந்த ஆராய்ச்சியை நம்பி கிளாக்ஸோ ஸ்மித்க்ளைன் என்ற பெரிய மருந்துக் கம்பெனி 2008-ல் சர்ட்ரிஸ் என்ற கம்பெனியை 720 மில்லியன் டாலர் கொடுத்து வாங்கியது. 2013-ல் அதன் அலுவலகத்தை மூடிவிட்டது. ரெஸ்வெரட்ரால் மாத்திரை இன்னும் விற்றுக்கொண்டுதான் இருக்கிறது. என்எம்என்னும் இப்போதைக்கு அந்த வரிசையில்தான் நிற்கிறது. சாப்பிட்டால், செல்கள் ஆற்றல் உண்டாக்கப் பயன்படுத்துகிற என்ஏடி என்ற பொருளின் அளவு ரத்தத்தில் கூடுகிறது என்பதுவரை மனிதர்களிடம் காட்டியிருக்கிறார்கள். அதனால் ஒருவர் கூடுதல் காலம் வாழ்ந்தார் என்றோ, விழாமல் நடமாடினார் என்றோ யாரும் நிரூபிக்கவில்லை.

நிரூபணமாகி, விலையும் இறங்கி, நம் தெருவுக்கே வந்துவிட்ட அறிவியல் இருக்கிறது. அதில் முதலிடம் யாருக்கு என்று கேட்டால், கண்ணுக்குள் வைக்கிற லென்ஸுக்குத்தான் கொடுப்பேன். இரண்டாம் உலகப் போரில் விமானத்தின் மேல்மூடி உடைந்து, அந்தப் பிளாஸ்டிக் சில்லுகள் கண்ணுக்குள் போன விமானிகள் பலர் இருந்தார்கள். கண் அந்தச் சில்லுகளை ஏற்றுக்கொண்டு சும்மா இருப்பதை லண்டன் டாக்டர் ஹெரால்டு ரிட்லி கவனித்தார். 1949-ல் அதே பொருளில் லென்ஸ் செய்து ஒரு நோயாளிக்குப் பொருத்தினார். நம் பக்கத்துக் கதை எனக்கு அதைவிடப் பிடிக்கும். முடக்குவாதத்தால் விரல்கள் கோணிப்போன கையோடு கண் அறுவை செய்து பழகியவர் டாக்டர் ஜி. வெங்கடசாமி. அரசு வேலையிலிருந்து ஓய்வு பெற்ற பிறகு, 1976-ல், மதுரையில் 11 படுக்கைகளோடு அரவிந்த் கண் மருத்துவமனையை ஆரம்பித்தார். 1992-ல் ஆரோலேப் என்ற பெயரில் சொந்தமாகவே லென்ஸ் தயாரிக்கத் தொடங்கினார்கள். இறக்குமதி லென்ஸின் விலையில் ஒரு சிறு பங்குக்கு அது கிடைக்க ஆரம்பித்தது. அதற்கு முன்பு புரை எடுத்தவர்கள் சோடாபுட்டிக் கண்ணாடி போட்டுக்கொண்டு, படி எங்கே முடிகிறது என்று தெரியாமல் காலால் துழாவித் துழாவி இறங்குவார்கள்.

புரைக்கும் கீழே விழுவதற்கும் நேரடித் தொடர்பு உண்டு. இங்கிலாந்தில் 70 வயது தாண்டிய பெண்களிடம் ஓர் ஆய்வு செய்தார்கள். ஒரு பாதிப்பேருக்கு முதல் கண்ணுக்கு உடனே அறுவை. மீதிப்பேர் காத்திருப்போர் வரிசையில். உடனே செய்துகொண்டவர்கள் கீழே விழுவது 34% குறைந்தது. 2005-ல் வெளியானது. "புரை இன்னும் முத்தட்டும்" என்று நீங்கள் காத்திருந்தால், தயவுசெய்து இந்த மாதமே கண் டாக்டரிடம் காட்டிவிடுங்கள்.

அடுத்தது பிரஷர் மாத்திரை. உங்கள் கேள்வியில் என்னைப் பதறவைத்த சொல் அந்த "அப்பப்போ"தான். நான் பார்க்கிற பக்கவாத வீடுகளில் திரும்பத் திரும்பக் கேட்பது இதுதான்: "பிரஷர் நார்மல்னு சொன்னாங்க சார், அதான் மாத்திரைய நிறுத்திட்டாங்க." மாத்திரை போட்டதால்தான் நார்மல். நிறுத்தினால் ஏறும். ஏறுவது வலிக்காது, தெரியாது. ஒருநாள் காலையில் வாய் கோணி, கை தூக்க முடியாமல் போகும்போதுதான் தெரியும். அந்த மாத்திரை ஆரம்பச் சுகாதார நிலையத்தில் இலவசம். 2021-லிருந்து 'மக்களைத் தேடி மருத்துவம்' திட்டத்தில் வீட்டு வாசலுக்கே கொண்டுவந்து கொடுக்கிறார்கள். அலமாரிவரை வந்துவிட்ட மருந்து அதற்குப் பிறகு வாய்க்குள் போவது வீட்டுப் பழக்கத்தைப் பொறுத்தது. காலைக் காப்பி டம்ளருக்குப் பக்கத்தில் மாத்திரை டப்பாவை வைத்த வீடுகளில் அது தினமும் போகிறது. பீரோவுக்குள் வைத்த வீடுகளில் "அப்பப்போ" போகிறது.

மருந்தையும் பழக்கத்தையும் நேருக்கு நேர் நிறுத்திப் பார்த்த ஆய்வே நம் சென்னையில் நடந்திருக்கிறது. டாக்டர் ஏ. ராமச்சந்திரன் குழு செய்தது, 2006-ல் வெளியானது. சர்க்கரை நோய் வரும் எல்லையில் இருந்த 531 பேரை நான்கு குழுவாகப் பிரித்தார்கள். மூன்று வருட முடிவில், பொதுவான அறிவுரை மட்டும் பெற்ற குழுவில் 55% பேருக்குச் சர்க்கரை நோய் வந்துவிட்டது. தினம் அரைமணி நேர வேக நடையும் உணவுக் கட்டுப்பாடும் சொல்லித் தொடர்ந்து கவனிக்கப்பட்டவர்களில் 39.3%. சர்க்கரைக்குக் கொடுக்கிற மெட்ஃபார்மின் மாத்திரை மட்டும் சாப்பிட்டவர்களில் 40.5%. இரண்டும் சேர்த்துச் செய்தவர்களில் 39.5%. நடையும் மாத்திரையும் சமம். இரண்டையும் சேர்த்தாலும் கூடுதல் பலன் இல்லை. அவர்கள் பெரும்பாலும் நடுவயதுக்காரர்கள். வயதானவர்களிடம் கணக்கு இன்னும் மாறுகிறது. 2002-ல் வெளியான அமெரிக்க ஆய்வில், 60 தாண்டியவர்களிடம் பழக்க மாற்றம் சர்க்கரை நோயை 71% குறைத்தது. அதே வயதில் மெட்ஃபார்மினின் பலன் மிகச் சொற்பம். ஒன்று மட்டும் கவனியுங்கள்: இது நோய் வருமுன் தடுப்பதற்கான கணக்கு. சர்க்கரை வந்துவிட்டவர் இதைப் படித்துவிட்டு மாத்திரையை நிறுத்தக் கூடாது.

இனி கால். இதற்கு மட்டும் இன்றுவரை மாத்திரை கிடையாது.

1990-ல் பாஸ்டனில் ஒரு முதியோர் இல்லத்தில் 90 வயதை ஒட்டிய பத்துப் பேருக்கு எட்டு வாரம் தொடைத் தசைக்கு எடைப் பயிற்சி கொடுத்தார்கள். தொடையின் பலம் சராசரியாக 174% கூடியது. இரண்டு பேர் கைத்தடியை விட்டுவிட்டார்கள். 1994-ல் அதே குழு 100 பேரிடம் பெரிதாகச் செய்தது. சராசரி வயது 87. இந்த முறை சிலருக்குப் பயிற்சி, சிலருக்குச் சத்து பானம், சிலருக்கு இரண்டும். பயிற்சி செய்தவர்களுக்குப் பலம் இரட்டிப்புக்கும் மேல் ஆனது. சத்து பானம் மட்டும் குடித்தவர்களுக்கு ஒன்றும் கூடவில்லை. அப்பா அம்மாவுக்கு மாதாமாதம் புரோட்டீன் பவுடர் டப்பா வாங்கிக் கொடுத்துவிட்டுச் சோபாவில் உட்காரவைக்கிற பிள்ளைகள் எல்லோருக்கும் இந்த ஒரு முடிவை நான் சொல்லிக்கொண்டே இருக்கிறேன்.

நம் வீடுகளில் பாசத்தாலேயே பெரியவர்களின் காலைக் கெடுக்கிறோம். இதைக் கொஞ்சம் கோபத்தோடுதான் எழுதுகிறேன். "நீங்க உக்காருங்கம்மா, நான் எடுத்தாரேன்." தண்ணீர் கைக்கே வருகிறது. அரிவாள்மனையில் குந்தி உட்கார்ந்து காய் நறுக்கியவருக்குச் சோபா. தரையில் சம்மணம் போட்டுச் சாப்பிட்டவருக்கு டைனிங் டேபிள். ஒரு நாளைக்கு எத்தனையோ முறை உட்கார்ந்து எழுந்த உடம்பு, சாப்பிடவும் பாத்ரூமுக்கும் மட்டும் எழுகிறது. கொஞ்ச நாளில் அதற்கும் ஆள் பிடிக்க வேண்டியிருக்கிறது. பிரேசிலில் 51 முதல் 80 வயதுவரை 2,002 பேரைத் தரையில் உட்கார்ந்து எழச் சொல்லிப் பார்த்து, 2012-ல் வெளியிட்டார்கள். கை, முழங்கால் ஊன்றாமல் செய்தால் பத்து மதிப்பெண். ஒவ்வொரு ஊன்றலுக்கும் ஒன்று குறையும். மிகக் குறைந்த மதிப்பெண் எடுத்தவர்கள், அதிகம் எடுத்தவர்களைவிட, அடுத்த சில வருடங்களில் இறந்த வாய்ப்பு ஐந்தாறு மடங்கு. தரையில் உட்கார்ந்தால் ஆயுள் கூடும் என்று அதற்குப் பொருள் இல்லை. எழ முடியாமல் போவது உடம்பு கொடுக்கும் எச்சரிக்கை.

போன மழைக்காலத்தில் ஒரு வீட்டுக்குப் போயிருந்தேன். எண்பதைத் தொட்ட ஆச்சி. விழவில்லை, நோய் இல்லை, எழ மட்டும் முடியவில்லை.

"ஆச்சி, கைய ஊணாம எந்திரிங்க பாப்போம்."

"எந்திரிச்சு நான் எந்த வயலுக்குப் போவப் போறேன்?"

"வாசல் திண்ணை வரைக்கும் போங்களேன்."

மகன் குறுக்கே வந்தார். "அம்மாவை ஒரு வேலையும் செய்யவிடுறதில்ல சார், ராணி மாதிரி வச்சிருக்கோம்." அவர் மனசு எனக்குப் புரிந்தது. ஆனால் ஆச்சியின் தொடையைப் பிடித்துப் பார்த்தால் தோல்தான் கையில் வந்தது.

அவர்களுக்குச் சொல்லிக் கொடுத்ததையே உங்களுக்கும் சொல்கிறேன். கனமான மர நாற்காலியைச் சுவரோடு ஒட்டிப் போடுங்கள். பிளாஸ்டிக் சேர் வேண்டாம். கால் விரிந்து வழுக்கிவிடும். ஆரம்பத்தில் மேலே கெட்டியான தலையணை ஒன்றைப் போட்டு உயரத்தைக் கூட்டுங்கள். நாற்காலியின் முன்விளிம்புக்கு வந்து, குதிகாலை முழங்காலுக்குச் சற்றே உள்ளே இழுத்துக்கொள்ள வேண்டும். மூக்கு கால் கட்டைவிரலுக்கு நேராக வரும்வரை முன்னால் குனிய வேண்டும். பெரும்பாலானோர் இதைச் செய்யாமல் நேராக எம்பப் பார்ப்பதால்தான் பின்னால் விழுகிறார்கள். குனிந்த பிறகு எழுந்தால் உடம்பு தானாக மேலே வரும். உட்காரும்போது 'தொப்'பென்று விழக் கூடாது. மெல்ல, நான்கு எண்ணி இறங்க வேண்டும். தசைக்கு உண்மையான வேலை அந்த இறக்கத்தில்தான் இருக்கிறது. ஐந்து முறை, ஓய்வு, மறுபடி ஐந்து முறை. சுலபமானதும் தலையணையை எடுத்துவிடுங்கள். ஆச்சிக்கு முதல் வாரம் மருமகள் இடுப்பைப் பிடித்துக்கொண்டார். பொங்கல் வந்தபோது ஆச்சி திண்ணையில் உட்கார்ந்து கரும்பு விலை பேசிக்கொண்டிருந்தார்கள்.

உங்கள் அப்பாவின் நிலையைத் தெரிந்துகொள்ள ஓர் எளிய சோதனை இருக்கிறது. கைகளை மார்பில் குறுக்காகக் கட்டிக்கொண்டு 30 விநாடியில் எத்தனை முறை எழுந்து உட்காருகிறார் என்று எண்ணுங்கள். அவர் வயது ஆண்களுக்கு 11-க்குக் கீழே வந்தால் விழும் அபாயம் இருக்கிறது என்று கணக்கு.

உப்பு பற்றியும் ஒரு வார்த்தை. சீனாவில் 600 கிராமங்களில் ஏறக்குறைய 21,000 பேரிடம் செய்த ஆய்வு, 2021-ல் வந்தது. பாதிக் கிராமங்களில் சமையல் உப்புக்குப் பதில், கால் பங்கு பொட்டாசியம் குளோரைடு கலந்த உப்பைக் கொடுத்தார்கள். பக்கவாதம் 14% குறைந்தது. சமையலை யாரும் மாற்றவில்லை, உப்பு டப்பா மட்டும் மாறியது. ஊறுகாயும் கருவாடும் விடமாட்டேன் என்கிற வீடுகளுக்கு இது நல்ல வழி. ஆனால் சிறுநீரகக் கோளாறு உள்ளவர்களும், பொட்டாசியத்தை ஏற்றுகிற சில பிரஷர் மாத்திரைகள் சாப்பிடுபவர்களும் டாக்டரைக் கேட்காமல் இதைத் தொடக் கூடாது.

அப்பாவுக்குக் காது கேட்கிறதா என்று நீங்கள் எழுதவில்லை. டிவி சத்தம் கூடிக்கொண்டே போகிறதென்றால் பரிசோதித்துவிடுங்கள். மறதி நோய்க்கான, மாற்றக்கூடிய 14 காரணங்களை 2024-ல் லான்செட் என்ற மருத்துவ இதழின் நிபுணர் குழு பட்டியலிட்டது. காது கேளாமை அதில் முக்கியமானது. கவனிக்காத பார்வைக் குறைபாட்டையும் அந்த ஆண்டு சேர்த்தார்கள். காது கேட்காதவரிடம் வீட்டார் முதலில் கத்திப் பேசுகிறார்கள், பிறகு பேசுவதையே குறைத்துவிடுகிறார்கள். கருவி வாங்கினால் மட்டும் போதாது. காதில் மாட்டிப் பழக ஒரு மாதமாவது பக்கத்தில் இருந்து பொறுமையாக உதவ வேண்டும்.

நாற்காலிப் பயிற்சியைத் தொடங்கும் முன் ஒன்று செய்யுங்கள். அப்பாவைப் படுக்கவைத்துப் பிரஷர் பாருங்கள். எழுந்து நின்றதும் ஒன்று முதல் மூன்று நிமிடத்துக்குள் மறுபடி பாருங்கள். மேல் அளவு 20 அல்லது அதற்கு மேல் இறங்கினால், அல்லது தலை சுற்றினால், பயிற்சியைத் தள்ளிவைத்து மாத்திரைச் சீட்டோடு டாக்டரிடம் போங்கள். இறங்கவில்லை என்றால் நாளைக் காலையே தொடங்கலாம். முட்டி வலி இருந்தால் எந்தப் பக்கம், படி ஏறும்போதா இறங்கும்போதா என்று எழுதுங்கள். எத்தனை உயர நாற்காலியில் ஆரம்பிப்பது என்று சொல்கிறேன்.