யார் கையில் துப்பாக்கி?

கேள்வி: அமெரிக்காவில் சாதாரண மக்கள் துப்பாக்கியை மறைத்து எடுத்துச் செல்வதைப் போலீஸார் எதிர்க்கிறார்களா?

பதில்: எல்லோரும் இல்லை. 2013-ல் போலீஸ்ஒன் இணையதளம் நடத்திய கருத்துக்கணிப்பில் சுமார் 15,000 காவலர்கள் விரும்பிப் பதில் சொன்னார்கள். குற்றப் பின்னணி இல்லாதவர்கள் மறைத்து எடுத்துச் செல்லட்டும் என்றவர்கள் 91 சதவீதம். ஆனால் உரிமமே தேவையில்லை என்று 2021-ல் டெக்சாஸ் சட்டம் போட்டபோது காவல்துறை அதிகாரிகள் பலர் எதிர்த்தார்கள்.

முப்பது வருடம் காக்கி உடுத்தியவன் நான். எனக்கு உறுத்துவது வேறு. 2021 ஜூன், கொலராடோவின் அர்வாடா. போலீஸ்காரர் ஒருவரைக் கொன்றவனை, மறைத்து வைத்திருந்த கைத்துப்பாக்கியால் ஒருவர் சுட்டு வீழ்த்தினார். கொலையாளியின் ரைஃபிளை அவர் கையில் எடுத்திருந்தார். அதைப் பார்த்த இன்னொரு போலீஸ்காரர், இவர்தான் கொலையாளி என்று நினைத்துச் சுட்டுவிட்டார். காப்பாற்றியவர் இறந்துபோனார். அந்தப் போலீஸ்காரர் இடத்தில் என்னை வைத்துப் பார்க்கும்போதெல்லாம் நெஞ்சு பதறுகிறது.