கல் பேசினால் நடிகர் எதற்கு?

அன்புள்ள ஆசிரியருக்கு,

அமெரிக்க எழுத்தாளர் எட்கர் ஆலன் போவின் ‘அஷர் வீட்டின் வீழ்ச்சி’ சிறுகதை கல்லூரியில் எங்களுக்குப் பாடம். செக் இயக்குநர் யான் ஷ்வாங்க்மயர் அதைக் குறும்படமாக எடுத்திருப்பதை அண்மையில் பார்த்தேன். வீட்டுக்காரன் ரோடெரிக் இல்லை, அவனுடைய இரட்டைச் சகோதரி மேடலின் இல்லை, மனித முகமே இல்லை. நாற்காலி, சேறு, சவப்பெட்டி. பின்னணியில் ஒரு குரல் கதையைப் படிக்கிறது. இதற்குக் கதையையே படித்துவிடலாமே! பெரிய பெயரை வைத்து வித்தை காட்டியதாகத்தான் எனக்குப் பட்டது.

ஆர்.

அன்புள்ள ஆர்.,

முதல் தடவை நானும் பாதியில் எழுந்துபோய்க் காபி போட்டவன்தான்.

கதையில் ரோடெரிக்குக்கு ஒரு பிடிவாதமான நம்பிக்கை உண்டு. வீட்டின் கற்களுக்கு உணர்வு இருக்கிறது. அவை அடுக்கப்பட்ட விதம், மேலே படர்ந்த பூஞ்சை, பட்டுப்போன மரங்கள், குட்டை நீரில் தெரியும் வீட்டின் பிம்பம் எல்லாம் சேர்ந்து தன் குடும்பத்தைத் தலைமுறைகளாக ஆட்டிவைக்கின்றன என்கிறான். இதற்குக் கருத்துச் சொல்லத் தேவையில்லை என்று கதைசொல்லி நகர்ந்துவிடுகிறான். அவன் பின்னாலேயே நாமும் போய்விடுகிறோம். பாடம் நடத்துகிறவர்களும் அப்படித்தான்.

1980இல் ஷ்வாங்க்மயர் அந்த இடத்தைவிட்டு நகர மறுத்தார். ரோடெரிக் சொன்னதை நோயாளியின் உளறலாகக் கொள்ளாமல் அப்படியே நம்பிப் படமெடுத்தார். கல்லுக்கும் மண்ணுக்கும் உணர்வு உண்டென்றால் நடிகர் எதற்கு? ரோடெரிக் பாடும் பாட்டு வருகிற இடத்தைப் பாருங்கள். குரல் வரிகளைச் சொல்லச் சொல்ல, ஈரச் சேறு தானே குழைந்து உருமாறுகிறது. பிசையும் கை கண்ணுக்குத் தெரிவதில்லை.

உங்கள் குற்றச்சாட்டு வேறொரு படத்துக்குப் பொருந்தும். 1928இல் அமெரிக்காவின் ராசெஸ்டர் நகரில் வாட்சன், வெபர் என்ற இருவர் இதே கதையைச் சுமார் 13 நிமிட ஊமைப்படமாக எடுத்தார்கள். பட்டகத்தில் சிதறும் பிம்பங்கள், ஒன்றன்மேல் ஒன்றாகப் பதிந்த படிக்கட்டுகள், திரையில் மிதக்கும் எழுத்துகள். கண்ணுக்கு விருந்துதான்; ஆனால் கதை தெரியாதவருக்கு ஒன்றும் பிடிபடாது. அதே ஆண்டு பிரான்ஸில் எப்ஸ்டைன் என்ற இயக்குநர் எடுத்த முழுநீளப் படத்தில் கதை நன்றாகவே புரியும். என்ன, போவின் கதையில் ரோடெரிக்கின் இரட்டைச் சகோதரியாக இருந்தவள் அங்கே அவன் மனைவியாகிவிட்டாள்! ஆள்களை வைத்து எடுத்தவர் உறவையே மாற்றினார். ஆளே வைக்காதவர் போவின் வாசகங்களைப் படிக்கவைத்தார். இதில் யாரை விசுவாசி என்பீர்கள்?

செக் மொழி எனக்குத் தெரியாது. திரையடியில் ஓடும் சப்டைட்டிலைத் துரத்துவதிலேயே கண் போய்விடுகிறது. இரண்டாம் முறை திரையின் அடிப்பாகத்தில் ஒரு காகிதத்தை ஒட்டிவிட்டுப் பார்த்தேன். தூக்குவார் இல்லாமல் சவப்பெட்டி தானே நகர்ந்து போகிற இடம் வந்தபோது, காபி நினைவே வரவில்லை.