கேமராவுக்காக நகையை அடகு வைக்காதீர்கள்

அம்மா,

பிளஸ் ஒன் படிக்கும் மகள் ஒளிப்பதிவாளர் ஆகணும் என்கிறாள், கேமரா வாங்க நகையை அடகு வைக்கலாமா என்று கேட்டிருந்தீர்கள். வைக்காதீர்கள். கல்யாண வீடியோ எடுப்பவருக்குச் சொந்தக் கேமரா உதவும். சினிமாவில் கேமரா, லென்ஸ், லைட் எல்லாமே பெரும்பாலும் நாள் வாடகைக்குத்தான் வருகின்றன.

அவள் சயின்ஸ் குரூப்பை விட்டுக் காமர்ஸுக்கு மாறப் பார்க்கிறாள் என்பதுதான் எனக்கு அதைவிடக் கவலை. தரமணி எம்.ஜி.ஆர். திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு 4 ஆண்டுப் பட்டப்படிப்பு. அதற்கு பிளஸ் டூவில் இயற்பியலும் வேதியியலும் கேட்கிறார்கள். காரணம் இருக்கிறது. விளக்கை இரண்டு மடங்கு தூரம் தள்ளினால் வெளிச்சம் பாதியாகாது, கால்வாசியாகும். நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால், ஷட்டர் வேகம் (கேமரா ஒவ்வொரு படத்துக்கும் வெளிச்சத்தை உள்ளே விடும் நேரம்) அதோடு ஒத்துப்போகாவிட்டால் பழைய டியூப்லைட்டின் கீழ் எடுத்த வீடியோவில் கறுப்புப் பட்டைகள் ஓடும். இதையெல்லாம் தினமும் கையாளப்போகிறவள் இயற்பியலை விடலாமா? வேறு டிகிரி முடித்துவிட்டுப் போவதானால் புனே, கொல்கத்தா திரைப்படக் கல்லூரிகள் இருக்கின்றன. இரண்டிலும் நுழைவுத் தேர்வு உண்டு.

வேலை மூன்று விதம். சேனலில் சேர்ந்தால் மாதச் சம்பளம். ஸ்டூடியோவில் பல கேமராக்களில் ஒன்றைப் பிடிப்பாள், செய்திப் பிரிவென்றால் மழையிலும் வெள்ளத்திலும் நிற்பாள். சினிமாவில் அசிஸ்டென்டாகப் பல வருடம். படம் இருந்தால் பேட்டா வரும், இல்லாத மாதம் வீட்டுச் செலவுக்கு நீங்கள்தான். அதை இப்போதே கணக்குப் போட்டுவிடுங்கள்.

மூன்றாவது டாக்குமெண்டரி. அது வேறு உலகம். பல நேரம் கேமராவும் ஒலியும் ஒரே ஆள்தான். உங்கள் காசிமேடு மீன்பிடித் துறைமுகத்தில் விடியற்காலை மீன் ஏலத்தை எடுக்கப் போனால், ‘இன்னொரு டேக்’ என்று யாரிடமும் கேட்க முடியாது. எந்தப் படகு முதலில் திரும்பும், ஏலக்காரர் எந்தப் பக்கம் திரும்பிக் கத்துவார் என்று முன்பே தெரிந்திருக்க வேண்டும். அங்கேயே வளர்ந்த உங்கள் மகளுக்கு அது பிறந்ததிலிருந்தே தெரியும். வெளியூரிலிருந்து கேமராவோடு வருகிறவர்கள் அதற்காகவே பல நாள் அங்கே தங்கிப் பழக வேண்டியிருக்கிறது. அதனால்தான் அவள் இதில் தொடங்கட்டும் என்கிறேன்.

பெண் பிள்ளை, ராத்திரி வேலை என்று தயங்குகிறீர்கள். பி.ஆர்.விஜயலட்சுமி உதவியாளராக இருந்து கற்று, 1985-லேயே தமிழ்ப் படத்துக்குத் தனியாக ஒளிப்பதிவு செய்தவர். இன்னொரு ஒளிப்பதிவாளர் பிரீதா ஜெயராமன், மூத்த ஒளிப்பதிவாளர் பி.சி.ஸ்ரீராமிடம் பயின்று வந்தவர். பெண் ஒளிப்பதிவாளர்களுக்கென்று 2017-ல் ஓர் அமைப்பே தொடங்கப்பட்டிருக்கிறது. ஆனாலும் உங்கள் பயம் நியாயமானதுதான். யூனிட்டில் வேறு பெண்கள் உண்டா, ஷூட்டிங் முடிந்ததும் வண்டியில் வீடுவரை விடுவார்களா என்று முதல் நாளே கேளுங்கள். கேட்டால் வாய்ப்புப் போய்விடும் என்று யாராவது சொன்னால், அந்த வாய்ப்பு வேண்டாம்.

இப்போதைக்குக் கையிலிருக்கும் போன் போதும். வலை பின்னுகிற பெரியவர் ஒருவரிடம் அனுமதி கேட்டு, அவர் உட்காரும் அதே இடத்தில், காலை 6 மணிக்கும் நடுப்பகலிலும் மாலையிலும் ஃபிளாஷ் இல்லாமல் அவர் முகத்தை எடுக்கட்டும். ஒவ்வொரு படத்துக்கும் வெளிச்சம் எந்தப் பக்கத்திலிருந்து வந்தது என்று நோட்டில் எழுதட்டும். ஒரு வாரம் விடாமல் செய்தால் அந்த நோட்டோடு அவளைக் கூட்டிக்கொண்டு வாருங்கள். இரண்டாம் நாளே சலித்துவிட்டாலும் கூட்டிக்கொண்டு வாருங்கள், வேறு படிப்பைப் பற்றிப் பேசலாம்.