போன வருச இதழில் இடம் கிடைக்குமா?

கேள்வி: சென்ற இதழில், காலத்தை முன்னும் பின்னும் நகர்த்தும் சமையலுக்கென்றே ஓர் ஆய்விதழ் வருவதாக எழுதியிருந்தீர்கள். ‘தாளிப்பதற்கு முன்பே கேட்ட கடுகு வெடிப்பு’, ‘நாளை ஆட்டப்போகும் மாவில் இன்று சுட்ட இட்லி’ என்று கட்டுரைத் தலைப்புகளும் இருந்தன. அந்த இதழின் முகவரி, வெளியீட்டுக் கட்டணம் ஆகிய விவரங்கள் வேண்டும். பதவி உயர்வுக்கு விண்ணப்பிக்க இருப்பதால், போன வருசத் தேதியிட்ட இதழில் என் கட்டுரையைச் சேர்ப்பார்களா என்றும் கேட்டுச் சொல்ல முடியுமா?
– உதவிப் பேராசிரியர் ஒருவர், ஈரோடு

பதில்: அப்படி ஓர் இதழே இல்லைங்க சார். அது வந்தது நகைச்சுவைப் பக்கத்தில். கடுகு வெடித்த பிறகுதான் எண்ணெய் காய்ந்தது என்று படித்தபோதாவது சந்தேகம் வந்திருக்க வேண்டும். உங்களுக்கோ கட்டணம் எவ்வளவு என்றுதான் கேட்கத் தோன்றியிருக்கிறது.

உங்களை மட்டும் குறை சொல்லவும் மனசு வரவில்லை. பணம் கட்டினால் சில நாட்களில் கட்டுரையை ஏற்று, கேட்டால் பழைய இதழிலேயே செருகித் தரும் ஆட்கள் நிஜமாகவே இருக்கிறார்கள். நாங்கள் கற்பனையில் காலத்தைத் திருப்பினோம், அவர்கள் ரசீது போட்டுத் திருப்புகிறார்கள். 2013-ல் ‘சயன்ஸ்’ இதழுக்காக ஜான் பொஹானன் என்ற பத்திரிகையாளர் ஒரு சோதனை செய்தார். பிழைகளை வேண்டுமென்றே நிரப்பிய ஒரு போலி மருந்துக் கட்டுரையை, இல்லாத ஆய்வாளர்கள் பெயரில் 304 இதழ்களுக்கு அனுப்பினார். 157 இதழ்கள் ஏற்றுக்கொண்டன. அவர் குறிவைத்த இதழ்களில் சுமார் மூன்றில் ஒரு பங்கு இந்தியாவிலிருந்து நடந்தவை. 2018 மே மாதம் பல்கலைக்கழக மானியக் குழு தன் அங்கீகாரப் பட்டியலிலிருந்து 4,305 இதழ்களை ஒரே வீச்சில் நீக்கியது. அவை பட்டியலுக்குள் எப்படி வந்தன என்பது தனிக் கேள்வி. அதை யாராவது எழுதிக் கேட்டால் அதற்கும் பதில் சொல்கிறேன்.

விளையாட்டு ஆய்வுக் கட்டுரைக்குப் பழைய பரம்பரை உண்டு. அறிவியல் புனைகதை எழுத்தாளர் ஐசக் அசிமோவ் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் வேதியியல் முனைவர் பட்டத்துக்குப் படித்தபோது, தண்ணீர் ஊற்றுவதற்கு 1.12 விநாடி முன்பே கரைந்துவிடும் ‘தியோடிமோலின்’ என்ற பொருளைக் கற்பனை செய்து, அட்டவணையும் வரைபடமுமாக அசல் ஆய்வுக் கட்டுரை போலவே எழுதினார். 1948 மார்ச்சில் ஓர் அறிவியல் புனைகதை இதழில் அது வந்தது. பட்டத் தேர்வு நடத்தும் பேராசிரியர்கள் கோபித்துக்கொள்வார்களோ என்று பயந்து புனைபெயரில் போடச் சொல்லியிருந்தார். சொந்தப் பெயரிலேயே வந்துவிட்டது. மே மாதம் வாய்மொழித் தேர்வு. கடைசிக் கேள்வியே தியோடிமோலின் பற்றித்தான். மனுசன் அடக்க முடியாமல் சிரித்துவிட்டார், பட்டமும் கிடைத்தது. வேடிக்கையாக எழுதியதால் பட்டம் போய்விடுமோ என்று அவர் பயந்தார். நீங்கள் வேடிக்கை இதழை வைத்துப் பதவி உயர்வு வாங்கப் பார்க்கிறீர்கள்.

சரி, சமையலில் காலத்தை மாற்றுவதுதான் உங்கள் ஆர்வம் என்றால், அதற்கு அசல் வழி இருக்கிறது. 1679-ல் டெனி பாபின் என்ற பிரெஞ்சு விஞ்ஞானி ஆவி அடைத்து வேகவைக்கும் பாத்திரத்தைச் செய்தார், நம் குக்கருக்குப் பாட்டன். 1682-ல் லண்டன் ராயல் சொசைட்டி உறுப்பினர்களுக்கு அதில் சமைத்தே விருந்து வைத்தார். எலும்பெல்லாம் மெத்தென்று வெந்திருந்ததை ஜான் ஈவ்லின் நாட்குறிப்பில் எழுதிவைத்திருக்கிறார். அறிவியல் சபை ஒன்று சாப்பிட்டே சரிபார்த்த ஆய்வு அது! நம் ஊரை எடுத்துக்கொண்டால், 1955-ல் கோவையில் பி. சபாபதி உருவாக்கிய கிரைண்டர், ஆட்டுக்கல் முன்னால் உட்கார்ந்திருந்த பெண்களுக்கு எத்தனை மணி நேரத்தைத் திருப்பிக் கொடுத்தது என்று கணக்குப் போட்டாலே ஓர் ஆய்வேடு தேறும்.

இன்னும் எளிதான தலைப்பு வேண்டுமா? ஒரே மூட்டையில் எடுத்த கொள்ளுப் பயறை மேட்டுப்பாளையம், குன்னூர், ஊட்டி மூன்று இடங்களிலும் ஒரே அளவு தண்ணீரில், திறந்த பாத்திரத்தில் வேகவையுங்கள். மேட்டுப்பாளையத்தில் தண்ணீர் ஏறக்குறைய 99 டிகிரி செல்சியஸில் கொதிக்கும். சுமார் 2,240 மீட்டர் உயரத்தில் இருக்கும் ஊட்டியில் காற்றழுத்தம் குறைவு என்பதால் 92, 93 டிகிரியிலேயே கொதித்துவிடும்; அதற்கு மேல் எவ்வளவு விறகு போட்டாலும் சூடு ஏறாது, கொள்ளு வேக நேரமாகும். குளிரில் நுண்ணுயிர்கள் மந்தமாகிவிடுவதால் இட்லி மாவும் மலையில் பொங்கச் சுணங்கும், அதையும் சேர்த்துக்கொள்ளலாம்.

இதில் ஒரு வேடிக்கை, ஊட்டியில் கடிகாரம் மேட்டுப்பாளையத்தைவிட வேகமாக ஓடுகிறது. ஐன்ஸ்டீன் கோட்பாட்டின்படி உயரம் போகப் போக அப்படித்தான். 2010-ல் அமெரிக்காவில் வெறும் 33 செ.மீ. உயர வித்தியாசத்திலேயே அணுக் கடிகாரங்களை வைத்து இதை அளந்துவிட்டார்கள். மேட்டுப்பாளையத்துக்கும் ஊட்டிக்கும் கணக்குப் பார்த்தால், வருசத்துக்கு ஆறேழு மைக்ரோ விநாடிதான் வரும். சோறு தாமதமானதற்கு இதைக் காரணம் சொல்ல முடியாது. கட்டுரைக்கு அடிக்குறிப்பாக வைத்துக்கொள்ளுங்கள்.

தேவையானது ஒரு வெப்பமானி, ஒரு அடுப்பு, மூன்று ஊருக்கும் பஸ் செலவு. முடிவுகளை ஒழுங்கான ஆய்விதழ் ஒன்றுக்கு அனுப்புங்கள். திருப்பி அனுப்பினால் திருத்தி மறுபடி அனுப்புங்கள். எளிய தமிழில் எங்களுக்கும் ஒரு பிரதி எழுதினால், தேறினால் போடுகிறோம், எந்த மாதம் வருகிறதோ அந்த மாதத் தேதியில். நீங்கள் பணம் கட்ட வேண்டாம், சன்மானம் நாங்கள்தான் அனுப்புவோம். தொகையை இங்கே அச்சிட்டால் மற்ற எழுத்தாளர்கள் சண்டைக்கு வருவார்கள்.