கேளுங்கள், சொல்கிறோம்: சிகப்பியும் ரோவனும்

இந்த மாதம் வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் பெயர் பற்றியவை. அயர்லாந்திலும் அமெரிக்காவிலும் பிள்ளைகள் இருக்கிற வீடுகளிலிருந்து வந்திருக்கின்றன. அதனால் பகுதி முழுவதையும் அதற்கே ஒதுக்கிவிட்டோம்.

மகன் அயர்லாந்தில் கார்க் நகரத்தில் வேலை பார்க்கிறான். மூத்தது பெண் பிறந்திருக்கிறது. எங்கள் வழக்கப்படி மூத்த பேத்திக்கு அப்பத்தா பெயர். என் பெயர் சிகப்பி. "அது இங்கே யார் வாயிலும் நுழையாதும்மா, ரோவன்னு வைக்கிறோம்" என்கிறான். எனக்கு வருத்தமில்லை. ஆனால் அது ஆம்பிளைப் பெயர் என்று சம்பந்தி வீட்டில் சொல்கிறார்கள். அர்த்தமும் தெரியவில்லை.
— ஒரு அப்பத்தா, கண்டனூர்

ஆச்சி, அர்த்தத்தை முதலில் சொல்லிவிடுகிறோம். ரோவன் என்றால் சிவப்பு. உங்கள் பெயர்தான்.

ஐரிஷ் மொழியில் சிவப்புக்கு இரண்டு சொல் உண்டு. துணி, ரத்தம், பெயின்ட் போன்றவற்றின் சிவப்புக்கு 'ஜாரக்'. தலைமுடி, நரி இவற்றின் செம்மைக்கு 'ரூவா'. பழைய எழுத்தில் 'ருவாத்'. நரிக்கு அவர்கள் மொழியில் பெயரே 'மாட்ரா ரூவா', அதாவது 'சிவப்பு நாய்'. நாமும் அப்படித்தான்: "புள்ள நல்லாச் செகப்பா இருக்கு" என்றால் மேனி நிறத்தைச் சொல்கிறோம், மிளகாய் நிறத்தை அல்ல. இந்த 'ருவாத்' என்ற சொல்லோடு 'ஆன்' என்ற விகுதி சேர்ந்தால் ரூவான்: சின்னச் சிவப்பன், செல்லமாகச் சிவந்தவன். அந்த ரூவான்தான் ஆங்கில எழுத்துக்கு வந்தபோது ரோவன் ஆனது. இதே பெயரில் 6-ம் நூற்றாண்டில் ஒரு துறவி இருந்தார். டிப்பரரி மாவட்டத்தில் லோரா என்ற ஊரில் மடம் நிறுவியவர், 584-ல் இறந்தார்.

இப்போது ஆணா பெண்ணா என்ற கேள்வி. சம்பந்தி வீட்டார் சொன்னதில் பாதி உண்மை. ஐரிஷ் மொழியில் 'ஆன்' ஆண்பால் விகுதி. பெண்ணுக்கு 'நட்' என்று முடியும் விகுதி தனியே இருக்கிறது. அழகப்பன் – அழகம்மை, வள்ளியப்பன் – வள்ளியம்மை என்று நம் பக்கம் ஒரே வேர்ச்சொல்லில் 'அப்பன்', 'அம்மை' மட்டும் மாறுகிற மாதிரி. ஆனால் ஆங்கிலக் காதுக்கு அந்த விகுதி விகுதியாகக் கேட்பதில்லை, வெறும் ஒலிதான். ஆக, மொழி மாறியபோது பெயர் ஆண்பால் அடையாளத்தை உதிர்த்துவிட்டது.

அதோடு இன்னொன்றும் சேர்ந்தது. வட இங்கிலாந்திலும் ஸ்காட்லாந்திலும் ரோவன் என்று ஒரு மரம் இருக்கிறது. அந்தச் சொல் ஐரிஷ் அல்ல. வடகடல் தாண்டி ஸ்காண்டிநேவியர்கள் கொண்டுவந்தது. ஐரிஷ் மொழியில் அந்த மரத்துக்கு வேறு பெயர்: 'கேர்ஹன்'. ரோஸ், லில்லி, ஹேசல், வில்லோ என்று செடி கொடி மரப் பெயர்களைப் பெண்ணுக்கு வைப்பது ஆங்கிலேயர் பழக்கம். அந்த வழியில்தான் ரோவன் பெண் பிள்ளைகளிடம் போய்ச் சேர்ந்தது. பெயர்ப் புத்தகங்கள் பலவும் இரண்டு வேரையும் குழப்பி "ரோவன் என்றால் ஐரிஷ் மொழியில் மரம்" என்று எழுதியிருக்கும். அது தவறு.

புழக்கம் எப்படி மாறியது? போன நூற்றாண்டின் பெரும்பகுதி வரை இது அபூர்வமான ஆண் பெயர். நகைச்சுவை நடிகர் ரோவன் அட்கின்சன் (பிறப்பு 1955), 2002 முதல் 2012 வரை காண்டர்பரி பேராயராக இருந்த ரோவன் வில்லியம்ஸ் இருவரும் அந்தத் தலைமுறை. அமெரிக்காவில் ஆண்பிள்ளைப் பெயர்களில் முதல் ஆயிரத்துக்குள் இது வந்ததே 1990-களின் கடைசியில்தான். சில வருடம் கழித்து, 2000-களின் தொடக்கத்தில், பெண் பட்டியலிலும் நுழைந்தது. நடிகை புரூக் ஷீல்ட்ஸ் 2003-ல் தன் மகளுக்கு இதை வைத்தார். அன்றிலிருந்து இரண்டு பட்டியலிலும் ஏறிக்கொண்டு வந்திருக்கிறது. ஆனாலும் ஆண்களே கூடுதல். அயர்லாந்தில் எழுத்தில் மட்டும் பார்க்கிறவர் பையன் என்றுதான் முதலில் நினைப்பார்.

எங்கள் யோசனை: முதல் பெயர் ரோவன், இரண்டாம் பெயர் சிகப்பி என்று பிறப்புச் சான்றிதழிலேயே எழுதச் சொல்லுங்கள். பெண் என்பதும் தெளிவாகும், வழக்கமும் நிற்கும். ஆங்கிலத்தில் எழுதும்போது நடுவில் 'ஜி' போடச் சொல்லுங்கள், 'கே' வேண்டாம். 'கே' போட்டால் அங்கே 'சிக்' என்று தொடங்கி வாசிப்பார்கள்; அது நோயைச் சொல்லும் சொல். பள்ளிக்கூடத்தில் பிள்ளை கஷ்டப்படும்.

வாயில் நுழையாது என்பதை மட்டும் நாங்கள் ஏற்கவில்லை. எழுத்து ஒன்றும் உச்சரிப்பு வேறொன்றுமாக இருக்கிற ஷிவான், நீவ் போன்ற பெயர்களை உலகத்துக்கே சொல்லிக்கொடுத்த நாடு அது. அந்த ஊர்க்காரர்கள் நான்கு எழுத்துச் சிகப்பியைக் கற்றுக்கொள்வார்கள். வேண்டுமானால் சிகப்பி முதல் பெயராகவும் ரோவன் கூப்பிடும் பெயராகவும் இருக்கட்டும். மாமியார் பெயரை மருமகள் வாய்விட்டுச் சொல்லக்கூடாது என்று கூப்பிட ஒரு பெயர் தனியே வைப்பது நம் வீடுகளில் புதிதா என்ன?

ரோவன் என்பதைத் தமிழில் எப்படி எழுதுவது? ரோகன், ரோவான், ரௌவன் என்று வாட்ஸ்அப்பில் ஆளுக்கொரு விதமாக எழுதுகிறார்கள்.
— புதுவயல் வாசகர்

இங்கிலாந்து, அமெரிக்கா, அயர்லாந்தில் பெரும்பாலும் 'ரோ-அன்'. ஸ்காட்லாந்தில் 'ரௌ-அன்' என்பாரும் உண்டு. 'வ' அழுத்தமாக வராது. ஓகாரத்திலிருந்து அகரத்துக்குப் போகும்போது உதடு குவிந்து தானாக விழும் உடம்படுமெய்தான் அது. கோ + இல் = கோவில் மாதிரி. ஆகவே 'ரோவன்' சரி. ரோகன் வேறு பெயர், வடமொழி. மேலே ஏறுவது என்ற பொருளில் வருவது. சொல்லின் முதலில் ரகரம் வராது என்பது இலக்கணம். அதனால்தான் இராமநாதன், அரங்கநாதன். பத்திரிகையில் 'இரோவன்' என்று அச்சடிக்க ஆசைப்படுகிற பெரியவர்கள் தாராளமாக அடிக்கலாம். சான்றிதழில் வேண்டாம்.

மகள் வழிப் பேத்திக்குக் கிரண் என்று பெயர். டப்ளினில் பள்ளியில் சேர்த்தபோது பையன்கள் வரிசையில் எழுதிவிட்டார்களாம். ஏன்?
— காரைக்குடி வாசகர்

அவர்கள் காதில் விழுந்தது வேறு பெயர், ஐயா. ஐரிஷ் மொழியில் 'கீரான்' என்று பழமையான ஆண் பெயர் இருக்கிறது. க்ளான்மக்னோய்ஸ் மடத்தைக் கட்டிய 6-ம் நூற்றாண்டுத் துறவியின் பெயர் அது. ஆங்கிலத்தில் அதைக் கீரன் என்று எழுதுவார்கள். 1970, 80-களில் பிறந்த அயர்லாந்து ஆண்களில் நிறையப் பேருக்கு அந்தப் பெயர். உங்கள் பேத்தியின் கிரணில் இகரம் குறில், அவர்களுடையது நெடில். அங்கே அந்த வித்தியாசம் எடுபடாது.

அர்த்தத்தில் நேர் எதிர். கிரணம் ஒளிக்கதிர். அங்கே 'கியர்' என்றால் கருமை, கீரான் என்றால் சின்னக் கறுப்பன். நம் காவல் தெய்வத்தின் பெயரை வைத்து கருப்பையா, கருப்பன் என்று கூப்பிடுகிறோமே, அப்படியே. வெள்ளைக்கும் ஒன்று இருக்கிறது: ஃபின்னான், நம் வெள்ளையன். சிகப்பி, கருப்பையா, வெள்ளையன் மூன்றும் அந்தத் தீவில் துறவிகளின் பெயராக இருப்பதைப் பார்க்கையில் நிறத்தை வைத்துப் பிள்ளையைக் கொஞ்சுவது எல்லா ஊரிலும் உண்டு என்று தெரிகிறது. நக்கீரரில் வருகிற கீரனுக்கும் இதற்கும் தொடர்பு இல்லை. ஒலி மட்டும்தான் ஒன்று.

பள்ளியில் செய்ய வேண்டியது: பதிவேட்டில் பால் திருத்தம் கேளுங்கள்; இரண்டாம் பெயர் மீனாட்சி, உமையாள் என்று ஏதாவது இருந்தால் அதையும் சேர்த்து எழுதச் சொல்லுங்கள். கீரானுக்குப் பெண்பால் 'கீரா'. சிலர் அதற்கு மாற்றிக்கொள்ளச் சொல்வார்கள். மாற்றினால் ஒளி போய்க் கருமை வந்துவிடும் என்பதைத் தெரிந்துகொண்டு முடிவெடுங்கள்.

கெல்லி, ஷானன், கேசி எல்லாம் ஆணுக்கும் இருக்கிறது, பெண்ணுக்கும் இருக்கிறது. ஒருமுறை பெண் பெயரானால் மறுபடி ஆண் பெயராகாது என்கிறார்களே?
— ஓய்வுபெற்ற ஆசிரியை, தேவகோட்டை

பெரும்பாலும் அப்படித்தான். கெல்லியும் கேசியும் அசலில் குடும்பப் பெயர்கள். 'ஓ' என்றால் பேரன், வழித்தோன்றல்: ஓ கெல்லி என்றால் கெல்லாக் என்பவரின் வழி வந்தவர்கள். கேசி, 'கஹசாக்' என்ற பெயரின் வழி. விழிப்பானவன் என்று பொருள். அமெரிக்காவுக்குப் போன ஐரிஷ்காரர்கள் குடும்பப் பெயரை மகனுக்கு முதல் பெயராக வைத்தார்கள், பிறகு அது மகளுக்கும் போனது. பெண்கள் பக்கம் கூடக்கூட ஆண்பிள்ளை பெற்றவர்கள் அதை விட்டுவிடுகிறார்கள். கெல்லி அமெரிக்காவில் 1970-களில் பெண் பெயராக உச்சத்துக்குப் போய், ஆண் பட்டியலில் தேய்ந்தது. இன்று பெண்களுக்கும் குறைவாகத்தான் வைக்கிறார்கள். கேட்டதும் ஐம்பது வயதுப் பெண்மணி நினைவுக்கு வருகிற பெயராகிவிட்டது.

ஷானன் ஆற்றின் பெயர். அயர்லாந்தின் மிக நீளமான ஆறு, 360 கிலோமீட்டர். சினன் என்ற பெண் ஞானக் கிணற்றைத் தேடிப் போய், பொங்கிய நீரில் மூழ்கி ஆறானாள் என்பது கதை. அயர்லாந்தில் மரபாக யாரும் இதைப் பிள்ளைக்கு வைத்ததில்லை. கடல் தாண்டிப் போனவர்கள் ஊர் நினைவில் வைத்தார்கள். காவேரி என்று நாம் வைப்பதைப் போல இயல்பாகத் தோன்றும், ஆனால் காவேரி கரையிலேயே பிறந்த பெயர். ஷானன் பிரிவில் பிறந்தது.

ஒரு பெயர் எத்தனை பேருக்கு இருக்கிறது என்று எங்கே பார்ப்பது?
— கோட்டையூர் வாசகி

அயர்லாந்துக்கு அந்த நாட்டு மத்திய புள்ளியியல் அலுவலகம். 1964 முதல் பட்டியல் உண்டு. இங்கிலாந்து, வேல்ஸுக்குத் தேசியப் புள்ளியியல் அலுவலகம். அமெரிக்காவுக்குச் சமூகப் பாதுகாப்பு நிர்வாகம். 1880-ல் பிறந்தவர்களிலிருந்து இருக்கிறது. மூன்றும் இணையத்தில் இலவசம். விளம்பரம் நிறைந்த பெயர்த் தளங்களை நம்ப வேண்டாம்.

பார்க்கும்போது ஏமாறுகிற இடங்கள் சில. எழுத்து ஒன்று மாறினாலும் தனிப் பெயராகத்தான் எண்ணுவார்கள்: ரோவனை 'ஏ' போட்டும் 'ஈ' போட்டும் எழுதியதைத் தனித்தனியே தேடிக் கூட்டுங்கள். ஆண் பட்டியல், பெண் பட்டியல் இரண்டையும் திறங்கள். பட்டியலில் இல்லை என்றால் அந்தப் பெயரே இல்லை என்று அர்த்தமில்லை. அமெரிக்காவில் ஒரு வருடத்தில் ஐந்து பேருக்குக் குறைவாக இருந்தால் வெளியிடமாட்டார்கள், அயர்லாந்தில் மூன்று. வரிசை எண்ணை விட எண்ணிக்கையைப் பாருங்கள். இப்போது ஆளுக்கொரு பெயர் தேடி வைக்கிற காலம் என்பதால் பத்தாவது இடத்திலுள்ள பெயர்கூட முன்பிருந்த அளவு பிள்ளைகளுக்கு இருப்பதில்லை.

ரோவன் மரம் நம் பக்கம் வளருமா?
— ஆத்தங்குடி வாசகர்

வளராது. விதை முளைக்கவே மாதக்கணக்கில் குளிர் வேண்டும். ஊட்டி மாதிரி மலையில் முயன்று பார்க்கலாம், ஆத்தங்குடி வெயிலில் முடியாது.

ஆனால் பார்த்தால் உங்களுக்கு வேம்பு நினைவு வரும். ஒரே காம்பின் இருபுறமும் எதிரெதிராகச் சிற்றிலைகள், நுனியில் ஒன்று, ஓரமெல்லாம் ரம்பப் பல். பழம் சுண்டைக்காய் அளவு, கொத்துக் கொத்தாக, நல்ல சிவப்பு. காம்புக்கு எதிர்ப்பக்கம் திருப்பிப் பார்த்தால் ஐந்து முனை நட்சத்திரம் ஒன்று தெரியும். அந்த நட்சத்திரமும் சிவப்பும் சேர்ந்துதான் கண்ணேறு கழிக்கும் மரம் என்ற நம்பிக்கையைத் தந்தது. குச்சியைச் சிவப்பு நூலால் கட்டி மாட்டுக் கொட்டிலில் தொங்கவிடுவார்கள். நாம் நிலைவாசலில் வேப்பிலை செருகுகிற அதே காரணம். பழத்தைப் பச்சையாகத் தின்னக்கூடாது, கசக்கும், வயிற்றைப் புரட்டும். வேகவைத்தால் அந்தக் குணம் மாறும், ஜெல்லி காய்ச்சுவார்கள். ஊறுகாய், ரொட்டிப் பொட்டலங்களில் 200 என்ற எண்ணில் வரும் சார்பிக் அமிலம் 1859-ல் முதலில் பிரிக்கப்பட்டது இந்தப் பழத்தின் எண்ணெயிலிருந்துதான்.

அயர்லாந்தில் பிறந்த பேரனுக்குப் பெயர் பதியும்போது எங்கள் விலாச எழுத்துகளை (முன்னெழுத்துகளை) எப்படிக் கொடுப்பது?
— பள்ளத்தூர் வாசகர்

எழுத்தாகக் கொடுக்க முடியாது. அங்கே முதல் பெயர், குடும்பப் பெயர் என்று இரண்டு கட்டங்கள். இரண்டையும் முழுச் சொல்லாக எழுத வேண்டும். பதிவு பிறந்து 3 மாதத்துக்குள்.

இங்கேதான் சிக்கல் வருகிறது. அப்பாவின் பாஸ்போர்ட்டில் குடும்பப் பெயராக ஐயாவின் (தாத்தாவின்) பெயர் முத்தையா என்று இருக்கும். பிள்ளைக்கு நம் முறைப்படி அப்பா பெயர் அழகப்பனைக் குடும்பப் பெயராகப் போட்டால் இருவர் பெயரும் பொருந்தாது. விமான நிலையத்தில் நிறுத்திக் கேட்பார்கள். அப்படிப் போடுகிறவர்கள் பயணத்தில் பிறப்புச் சான்றிதழைக் கையோடு வைத்திருக்க வேண்டும். முத்தையாவையே தொடரச் செய்தால் கேள்வி வராது, ஆனால் தலைமுறைக்குத் தலைமுறை முன்னெழுத்து மாறும் நம் முறை அதோடு நின்றுவிடும். வீட்டில் பேசி முடிவெடுங்கள். எதைத் தேர்ந்தாலும் ஒரே எழுத்துக்கூட்டல் எல்லாத் தாளிலும் இருக்கட்டும். இந்தியக் குடியுரிமை வேண்டுமென்றால் பிறந்து ஓராண்டுக்குள் இந்தியத் தூதரகத்திலும் பதிய வேண்டும். பிள்ளைக்கு வேறு நாட்டுப் பாஸ்போர்ட் இல்லை என்று பெற்றோர் உறுதிமொழி தர வேண்டும்.